ஃபகுந்தோவை நிற்க வைத்த புதன்கிழமை

எதிராளி கீழே விழுந்துவிடக் கூடாதே என்று ஒரு ஊரே பல்லைக் கடித்துக்கொண்டு உட்கார்ந்திருந்ததை நான் பார்த்திருக்கிறேன். அந்த ஊர் ஸ்ப்ளிட், என் ஊர்தான். எதிராளியை அந்த நிலைக்குக் கொண்டுவந்தவனும் நான்தான் என்பதால் இந்த விஷயத்தில் என் வார்த்தையை நம்பலாம்.

நாற்பத்தோரு வருஷம் டென்னிஸ்காரர்களின் கால்களைப் பிசைந்தவன் நான். ஒரு ஸ்வீடன்காரனின் கெண்டைச் சதையில் வைத்து வாதுமைக்கொட்டை உடைத்திருக்கிறேன். இரண்டு வருஷமாக இடதுபக்கம் மட்டுமே பார்த்துக்கொண்டிருந்த ஒரு பல்கேரியனின் கழுத்தை ஒரே திருப்பில் சரியாக்கினேன். அவன் வலதுபக்கம் உட்கார்ந்திருந்த தன் பயிற்சியாளரை அப்போதுதான் முதல் முறையாகப் பார்த்தான், அன்று மாலையே வேலையைவிட்டு நீக்கினான். எங்கள் செம்மண் கோர்ட்டில் புரா காற்று அடித்த ஒரு நாள், உயரத் தூக்கியடித்த பந்து கடல் தாண்டி ப்ராச் தீவில் போய் விழுந்தது. மறுநாள் காலைப் படகில் திரும்பி வந்தது. படகுக்காரன் அதற்கு அரை டிக்கெட் வாங்கினான். இதெல்லாம் சாதாரணம். புதன்கிழமை நடந்ததுதான் சாதாரணம் இல்லை.

அதுவரை எங்கள் ஊர் கிளப் நடத்தும் டென்னிஸ் போட்டியும் உலகத்தில் மற்ற போட்டிகள் மாதிரிதான் நடந்தது. தோற்றவன் அன்றைக்கே மூட்டை கட்டுவான். அந்த வருஷம் மேலிடத்தில் யாருக்கோ ஒரு யோசனை உதித்தது. பெயர் பெற்ற ஆட்டக்காரன் முதல் நாளே தோற்றுப்போனால் மறுநாள் கூட்டம் வருவதில்லை அல்லவா? அதனால் மும்மூன்று பேராகக் குழு பிரித்தார்கள். ஒவ்வொருவனும் மற்ற இருவரோடும் ஆட வேண்டும். குழுவில் முதலாவதாக வருகிறவன் மட்டும் காலிறுதிக்குப் போவான். ஆளுக்கு ஒரு வெற்றி என்று மூவரும் சமமாக நின்றால் செட்களை எண்ணுவார்கள். அதுவும் சமமென்றால் கேம்களை எண்ணுவார்கள். இதற்கென்று ஒரு விதிப்புத்தகம் அச்சடித்து, போட்டியின் தலைமை நடுவரான உர்ஸ் என்ற சுவிஸ்காரர் எல்லாருக்கும் ஒரு பிரதி கொடுத்தார். எனக்கும் கொடுத்தார். என் மசாஜ் மேஜைக்கு ஒரு கால் குட்டை. புத்தகம் அதற்கு அளவெடுத்துத் தைத்த மாதிரி இருந்தது.

படிக்காமல் விட்டது பெரிய தப்பு. அது பிறகுதான் தெரிந்தது.

எங்கள் ஊர்க்காரன் லோவ்ரேவுக்கு அப்போது முப்பத்து மூன்று வயது. உலக வரிசையில் நூற்றுப் பதினெட்டாவது ஆள். பதினாறு வருஷமாக ஆடுகிறான், பாரிஸ் பெரும்போட்டிக்குள் ஒரு முறைகூட நேராக நுழைந்ததில்லை. ஒன்பது தடவை தகுதிச் சுற்றில் ஆடி, அதில் நாலு தடவை கடைசிப் படியில் வழுக்கினவன். வரப்போகிற திங்கட்கிழமை பாரிஸ் பட்டியலை மூடுகிறார்கள். முதல் நூற்றுநாலு பேருக்கு நேரடி இடம். இங்கே காலிறுதிக்குப் போனால் கிடைக்கும் புள்ளிகள் அவனை அந்தக் கோட்டுக்குள் தள்ளிவிடும். போகாவிட்டால் பக்கத்து ஊரான சோலினில் மச்சானின் டைல்ஸ் கடை. மச்சான் ஏற்கெனவே அவன் பெயரைப் பையில் தைத்த சட்டை ஒன்று தயார் செய்து வைத்திருந்தான்.

திங்கள்கிழமை லோவ்ரே, பாஸ்தியான் என்ற பிரெஞ்சுக்காரனிடம் தோற்றான். செவ்வாய்க்கிழமை அந்த பாஸ்தியான், ஃபகுந்தோ என்ற அர்ஜென்டீனாப் பையனிடம் தோற்றான். புதன்கிழமை லோவ்ரேவும் ஃபகுந்தோவும் ஆட வேண்டும். காலையில் என் மேஜையில் குப்புறப் படுத்துக்கொண்டு லோவ்ரே கணக்குச் சொன்னான்.

"ரெண்டே செட்ல ஜெயிக்கணும் பார்பா. ரெண்டு செட்லயும் சேர்த்து அஞ்சு கேம் வரைக்கும் விடலாம். ஆறாவது போச்சுன்னா பாஸ்தியான் உள்ள, நான் டைல்ஸ் கடையில."

எங்கள் கடற்கரையில் நரைத்த தலையைக் கண்டால் எல்லாரும் பார்பா என்றுதான் கூப்பிடுவார்கள்.

"நிம்மதியா தூங்கு. அந்தப் பையனால இன்னிக்கு ஓட முடியாது," என்றேன்.

"உங்களுக்கு எப்படித் தெரியும்?"

"என் முழங்கால் சொல்லுது. ஜூகோ காத்து வருது இல்ல."

முழங்கால் ஒன்றும் சொல்லவில்லை. அதற்குக் கொஞ்ச நேரம் முன்னால் நான் கிளப் சமையலறைக்குப் போய், சமையல்காரி டோங்காவிடம் ஒரே ஒரு வாக்கியம் சொல்லிவிட்டு வந்திருந்தேன். "அந்த அர்ஜென்டீனாப் பையன் ரொம்ப ஒல்லியா இருக்கான் இல்ல?" அவ்வளவுதான். எங்கள் ஊர்க்காரன் ஆடும் நாட்களில், வருஷத்துக்கு ஒரு தடவையோ இரண்டு தடவையோ இந்த வாக்கியத்தை நான் சொல்வதுண்டு. அதனால் யாருக்கும் எந்தக் கெடுதலும் வந்ததில்லை. எதிராளி கொஞ்சம் நிதானமாக ஓடுவான், சாயங்காலம் நன்றாகத் தூங்குவான். தோற்றவன் மூட்டை கட்டும் காலத்தில் இதைவிடச் சுத்தமான வைத்தியம் கிடையாது.

ஆனால் ஃபகுந்தோ ஆறடி ஐந்து அங்குலம், பத்தொன்பது வயது, தட்டில் மிச்சம் வைக்கக் கூடாது என்று அம்மா சொல்லி வளர்த்த பிள்ளை. டோங்கா ஒயினில் ஊறவைத்த மாட்டிறைச்சிப் பஷ்டிட்சாடாவை மூன்று தட்டு போட்டாள். அவன் மூன்றையும் துடைத்துச் சாப்பிட்டான். அவள் கண் கலங்கி, கணவாய் மீன் மையில் வெந்த கருப்புச் சோற்றைக் கொண்டுவந்தாள். அதையும் முடித்தான். பிறகு எண்ணெயில் பொரித்த இனிப்பு உருண்டைகள் இருபத்திரண்டு. அவள் எண்ணிக்கொண்டிருந்தாள். நான் நிறுத்தச் சொல்லியிருக்கலாம். பார்க்க அழகாக இருந்ததால் விட்டுவிட்டேன்.

மத்தியானம் ஜூகோ தெற்கிலிருந்து ஈரத்தைச் சுமந்துகொண்டு வந்தது. செம்மண் கனத்தது, பந்து கனத்தது, பையனும் கனத்தான். முதல் செட் 6-2. லோவ்ரே இரண்டு கேம்தான் விட்டிருந்தான். இரண்டாவது செட்டில் 4-1. மொத்தம் மூன்று. இன்னும் இரண்டு கேம் எடுத்தால் காலிறுதி. நான் கோர்ட் ஓரத்தில் என் பையின் மேல் உட்கார்ந்து, என்னைப் போல் புத்திசாலி எங்கள் டல்மேஷியாக் கடற்கரையில் வேறு யாராவது உண்டா என்று யோசித்துக்கொண்டிருந்தேன். அப்போதுதான் இடைவேளையில் ஃபகுந்தோ நாற்காலியில் சரிந்து, கையைத் தூக்கி பிசியோவை, அதாவது என்னை, கூப்பிட்டான். முகம் கருப்புச் சோற்றுக்கு நேர் எதிர் நிறத்தில் இருந்தது.

நான் நிதானமாகத்தான் எழுந்தேன். வழியில் உர்ஸ் என் முழங்கையைப் பிடித்தார்.

"விட்ஸ்கோ, அவன் பாதியில நிறுத்தினா லோவ்ரே வெளிய. தெரியும்ல?"

"என்ன சொல்றீங்க? எதிராளி ஓடிப்போனா நம்ம ஆளு ஜெயிச்ச மாதிரிதானே?"

"போன வருஷம் வரைக்கும் அப்படி. இப்ப பாதியில நிறுத்துறவனைக் குழுவுலேருந்தே அழிச்சுடுவோம். அவன் ஆடின எதுவும் கணக்குல வராது. மிச்சம் ரெண்டு பேர். அந்த ரெண்டு பேருல யாரு யாரை ஜெயிச்சது?"

"பாஸ்தியான், லோவ்ரேவை," என்றேன்.

"புத்தகத்துல ஒன்பதாம் பக்கம் இருக்கு."

ஒன்பதாம் பக்கத்தின் மேல் என் மசாஜ் மேஜை நின்றுகொண்டிருந்தது.

மேலே கிளப் மாடத்தில் பாஸ்தியான் ஐஸ்கிரீம் சாப்பிட்டுக்கொண்டிருந்தான். அவன் ஒன்பதாம் பக்கத்தை மனப்பாடம் செய்திருக்க வேண்டும். அவ்வளவு மெதுவாக, அவ்வளவு ரசித்து நக்கிக்கொண்டிருந்தான்.

சிகிச்சைக்கு மூன்று நிமிஷம். எனக்குப் பன்னிரண்டு மொழிகளில் 'எங்கே வலிக்குது' என்று கேட்கத் தெரியும். பதில் ஒரு மொழியிலும் புரியாது. ஃபகுந்தோவோடு மட்டும் கஷ்டமில்லை. நான் இத்தாலியனில் பேசுவேன், அவன் ஸ்பானிஷில் பேசுவான், இருவரும் பாதியைப் புரிந்துகொள்வோம்.

"வயிறு பார்பா. கோர்ட்டே சுத்துது. முடியல. நிறுத்திக்கிறேன்."

"நிறுத்துற பேச்சு இப்ப எதுக்கு? முதல்ல கொஞ்சம் தண்ணி."

கழுத்தில் ஐஸ் வைத்தேன். எலுமிச்சையில் உப்புப் போட்டுக் கொடுத்தேன். மணிக்கட்டில் அழுத்தினேன். ஒரு நிமிஷம் போனது. முதுகைத் தடவினேன், காது மடலைத் திருகினேன், என் அப்பா கழுதைகளுக்குச் செய்யும் ஒரு வைத்தியமும் செய்து பார்த்தேன். இரண்டு நிமிஷம். பையன் தலையை ஆட்டிக்கொண்டே அம்பயரைப் பார்த்துக் கையை மெல்ல உயர்த்த ஆரம்பித்தான். எதிர் நாற்காலியில் லோவ்ரே டவலைத் தலைமேல் போட்டுக்கொண்டு அசையாமல் இருந்தான். அவன் குதிகால் மட்டும் தரையில் படபடவென்று அடித்துக்கொண்டிருந்தது.

பத்தொன்பது வயசுக்காரனை எழுப்ப ஐஸும் எலுமிச்சையும் போதாது என்று எனக்குத் தெரியும். ஒரே ஒரு மருந்துதான் பாக்கி இருந்தது.

"நீ எத்தனை தட்டு சாப்பிட்டேன்னு எனக்குத் தெரியும். டோங்காவை உசுப்பிவிட்டது நான்தான்," என்றேன்.

உயர்ந்த கை பாதியில் நின்றது. "எதுக்கு?"

"நீ மெதுவா ஓடணும்னு."

"அந்த ஆளுக்காகவா?"

"அவனுக்கு இது தெரியாது. இப்ப நீ நிறுத்தினா அவன் போட்டியிலேருந்தே போயிடுவான், அந்த பிரெஞ்சுக்காரன் உள்ள வருவான். அதுதான் இந்த வருஷத்து விதி. இனிமே உன் இஷ்டம்."

அவன் கையை இறக்கினான். பிறகு ஸ்பானிஷில் என் அம்மாவைப் பற்றி ஏதோ சொன்னான். பாதி புரிந்தது, அந்தப் பாதியே போதுமானதாக இருந்தது. ரேக்கட்டை ஊன்றிக்கொண்டு எழுந்தான்.

"நிறுத்த மாட்டேன். உங்க ஆளை இப்பவே அடிச்சு அனுப்புறேன், பாருங்க."

மருந்து வேலை செய்தது. கொஞ்சம் அளவு கூடிவிட்டது, அவ்வளவுதான்.

அடுத்த கேமில் பையன் நாலு சர்வ் போட்டான், நாலும் திரும்பி வரவில்லை. 4-2. லோவ்ரே விட்டது மொத்தம் நாலு. அதற்குள் மேல் வரிசையில் ஒரு கணக்கு வாத்தியார் எழுந்து நின்று, ஒன்பதாம் பக்கத்தை ஊருக்கே விளக்கிவிட்டார். அர்ஜென்டீனாக்காரனை விசிலடித்து விரட்டுவதற்காக டிக்கெட் வாங்கி வந்த மூவாயிரம் பேர் விசிலை வாயிலிருந்து எடுத்தார்கள்.

"டேய் நெட்டையா, மெதுவா நட. தடுக்கி விழுந்துடாதே."

"தண்ணி குடிடா கண்ணு."

"லோவ்ரே, அவனை ஓட வைக்காதே. ஓட வெச்சே, உன் வீட்டுக்கு வந்து கதவை உடைப்பேன்."

ஓட வைக்காமல் டென்னிஸ் ஆடுவது எப்படி? லோவ்ரேவின் பலமே எதிராளியை நாலு மூலைக்கும் அலைய விடுவதுதான். முக்கியமாக ட்ராப் ஷாட். வலைக்கு அந்தப்பக்கம் பந்தை ஒரு முட்டையைப் போல் வைத்துவிட்டு வருவான். இப்போது அதைப் போட்டால் பையன் ஓடுவான், ஓடினால் விழுவான், விழுந்தால் லோவ்ரே போட்டியிலேயே இல்லை. அதனால் பந்தை நேராக அவன் கைக்கே அனுப்பினான். நின்ற இடத்தில் பந்து கிடைத்தால் ஆறடி ஐந்து அங்குலக்காரன் என்ன செய்வான்? ஓங்கி அறைந்தான். பந்து செம்மண்ணைக் கிழித்துக்கொண்டு போனது. லோவ்ரே சர்வ் போட்ட கேமையும் பறித்தான். 4-3.

மொத்தம் ஐந்து. இனி ஒன்றுகூட விட முடியாது.

இடம் மாறும்போது லோவ்ரே என் பக்கமாகக் கடந்து போனான். ஆட்டக்காரன் என்னோடு பேசக் கூடாது. அவன் தன் ரேக்கட்டோடு பேசுவது போல் பேசினான். "அவனுக்கு என்ன கொடுத்தீங்க பார்பா?"

நான் என் பையோடு பேசினேன். "எலுமிச்சை."

எட்டாவது கேம் ஃபகுந்தோவின் சர்வ். அவன் இந்த ஒரு கேமை எடுத்தால் எல்லாம் முடிந்தது. முதல் சர்வ் இருநூறு கிலோமீட்டர் வேகத்தில் வந்தது. லோவ்ரே ரேக்கட்டை நீட்ட மட்டும்தான் முடிந்தது. அடுத்ததும் அப்படியே. 30-0. நான் மூச்சு விடுவதை நிறுத்திவிட்டேன், அந்த கேம் முடியும்வரை விடவில்லை. மூன்றாவது சர்வுக்குப் பந்தை மேலே போட்டு அண்ணாந்து பார்த்தபோது பையனுக்கு வானமும் சுற்றியிருக்க வேண்டும். அந்தப் பாயிண்டின் இரண்டு சர்வும் வலையில் விழுந்தன. அடுத்த பாயிண்டின் இரண்டும் அப்படியே. 30-30. அவன் ரேக்கட்டில் சாய்ந்து நின்றான். ஒருவரும் கைதட்டவில்லை. பிறகு ஒரு நீண்ட ரேலி. லோவ்ரே பத்தொன்பது பந்துகளை அவன் கைக்கே கொடுத்தான், இருபதாவதைப் பையன் கோட்டுக்கு வெளியே அடித்தான். அடுத்த பாயிண்டில் சர்வ் மெதுவாக வந்தது. லோவ்ரே முன்னால் பாய்ந்து அதை மூலைக்கு அடித்தான், பையன் நின்ற இடத்திலிருந்தே அதைப் பார்த்தான். 5-3.

இப்போது லோவ்ரேவின் சர்வ். இந்த ஒரு கேமை எடுத்தால் 6-3. விட்டது ஐந்தோடு நிற்கும்.

ஈரக் காற்றில் அவன் கை வழுக்கியது. முதல் பாயிண்டை இழந்தான், இரண்டாவதை எடுத்தான். மூன்றாவதை இழந்தான், நாலாவதை எடுத்தான். 30-30. இந்த இடத்தில், இருபது வருஷப் பழக்கம் உள்ள ஒரு கை, தன் முதலாளியைக் கேட்காமல் தன்பாட்டுக்கு வேலை செய்தது. பந்து வந்தது, மணிக்கட்டு திரும்பியது, வலைக்கு அந்தப்பக்கம் ஒரு முட்டை இறங்கியது.

நான் பார்த்ததிலேயே அழகான ட்ராப் ஷாட் அது. மூவாயிரம் பேர் தலையில் கை வைத்தார்கள்.

ஃபகுந்தோ ஓடினான். நீண்ட கால்கள் நாலு எட்டில் வலையை எட்டின. ஐந்தாவது எட்டில் வலது கெண்டைச் சதை சுருண்டு மேலேறியதை நான் உட்கார்ந்த இடத்திலிருந்தே பார்த்தேன். அவன் மரம் சாய்வது போல் செம்மண்ணில் விழுந்தான். பந்து இரண்டாவது தடவை குதித்தது.

"40-30," என்றார் அம்பயர், துக்கம் விசாரிக்கிற குரலில்.

நான் ஓடினேன். உர்ஸும் வந்தார். பையன் காலைப் பிடித்துக்கொண்டு உருண்டான். பாஸ்தியான் எப்போது மாடத்திலிருந்து இறங்கினானோ, கம்பி வேலிக்கு அந்தப்பக்கம் நின்று அக்கறையாகப் பேசினான்.

"உடம்பைப் பாருப்பா. இன்னும் பத்து வருஷம் ஆடப் போறவன் நீ. நிறுத்திடு, அதுல வெட்கப்பட ஒண்ணுமில்ல."

"உர்ஸ், நான் இவன் காலைத் தொடலாமா?" என்று கேட்டேன்.

"இது தசைப்பிடிப்பு. காயமில்ல. இதுக்கு இடைவேளையில மட்டும்தான் சிகிச்சை. உங்களுக்குத் தெரியாததா?"

தெரியும். இது புதுப் புத்தகத்தில் வந்ததல்ல, என் தொழிலில் அரிச்சுவடி. நான் கேட்டது பையன் காதில் விழுவதற்காக.

"அவனால இடைவேளை வரைக்கும் நிக்க முடியலைன்னா?"

உர்ஸுக்கு என் தந்திரம் புரிந்துவிட்டது. ஆனால் அவர் சுவிஸ்காரர், விதியைக் கேட்டால் சொல்லாமல் இருக்க முடியாது. "இடைவேளை வரைக்கும் உள்ள பாயிண்ட்களை விட்டுக் கொடுத்துட்டு சிகிச்சை கேட்கலாம். இந்த கேமோட இடம் மாறணும். அதனால இந்த ஒரு பாயிண்டை விட்டா போதும்."

"அப்ப மேட்ச் பாதியில நின்னதா ஆகுமா, முடிஞ்சதா ஆகுமா?"

"முடிஞ்சதா. 6-2, 6-3."

வேலிக்குப் பின்னால் பாஸ்தியானின் அக்கறை நின்றுபோனது.

இப்போது எல்லாம் அந்தப் பையனின் வாயில் இருந்தது. 'நிறுத்துறேன்' என்றால் லோவ்ரே டைல்ஸ் கடைக்கு. 'சிகிச்சை' என்றால் லோவ்ரே பாரிஸுக்கு. அவனுக்கு வயிற்றில் என் சதி, காலில் லோவ்ரேவின் ட்ராப் ஷாட். அவன் என்னைப் பார்த்தான். அந்தப் பார்வையில் எனக்கு எந்த நல்ல செய்தியும் இல்லை. பிறகு வலைக்கு அந்தப்பக்கம் பார்த்தான்.

லோவ்ரே வலையைப் பிடித்துக்கொண்டு நின்றான்.

"இந்தக் கிழவன் உனக்கு என்ன செஞ்சான்னு எனக்குத் தெரியாது," என்றான். "ஏதோ செஞ்சிருக்கான், மூஞ்சியிலயே தெரியுது. வலிச்சா நிறுத்துடா. எனக்கு ஒண்ணுமில்ல."

பொய். அவன் விரல்கள் வலையின் மேல்பட்டையை முறுக்கிக்கொண்டிருந்த விதத்தில் அது கிழிந்திருக்க வேண்டும். ஆனால் பதினாறு வருஷம் காத்திருந்தவன், ஒரே ஒரு வார்த்தை கெஞ்சினால் கிடைக்கக்கூடிய இடத்தில், அதைக் கெஞ்சாமல் நின்றான்.

ஃபகுந்தோ முகத்தை மண்ணில் புதைத்துக்கொண்டு கொஞ்ச நேரம் கிடந்தான். அம்பயர் கடிகாரத்தைப் பார்த்தார். ஜூகோகூட அப்போது நின்றிருந்தது. இதை நான் சேர்த்துச் சொல்லவில்லை, துறைமுகத்தில் கேட்டுப் பாருங்கள்.

"சிகிச்சை," என்றான் பையன், மண்ணுக்குள்ளிருந்து. "பாயிண்டை எடுத்துக்கட்டும். ஆனா இந்தக் கிழவன் என்னைத் தொடக் கூடாது."

அம்பயர் மேட்ச் முடிந்ததாக அறிவித்தார். லோவ்ரே கையை உயர்த்தவில்லை, ரேக்கட்டை எறியவில்லை. வலையைத் தாண்டி வந்து மண்டியிட்டு, பையனின் குதிகாலைத் தன் நெஞ்சில் வைத்து, விரல்களைப் பின்னால் வளைத்தான். சரியான கோணம், நான் கற்றுக் கொடுத்ததுதான். சதை இறங்கக் கொஞ்ச நேரம் எடுத்தது. சதை இறங்கிய பிறகு ஃபகுந்தோ கேட்டான்.

"அந்த ட்ராப் ஷாட். அதை ஏன் போட்டீங்க?"

"தெரியல. கை போட்டுடுச்சு."

"இன்னொரு நாள் என்கிட்ட போட்டுப் பாருங்க. எடுப்பேன்."

"எடுப்பே," என்றான் லோவ்ரே.

திங்கட்கிழமை வந்த பட்டியலில் லோவ்ரே நூற்றுநாலாவது பெயர். கோட்டுக்குக் கீழே முதல் பெயராக, நூற்றைந்தாவதாக, பாஸ்தியான். அவனும் பிறகு உள்ளே வந்துவிட்டான். கோட்டுக்கு மேலே இருந்த ஒருவன் இடுப்புப் பிடித்துக்கொண்டு விலகிவிட்டானாம். அந்த இடுப்பில் என் கை படவே இல்லை.